முளைக்காத கால்

கோப்பாய்,
புரட்டாதி மாதம்.

அன்புள்ள மகளுக்கு,

ஞாயிற்றுக்கிழமை நீ போனில் சொன்ன கதை என்னை இன்னும் விடவில்லை. சின்னவன் பின்வளவில் வெட்டுக்கிளி பிடித்தானாம். அது ஒரு காலை அவன் விரலிடுக்கில் விட்டுவிட்டுத் தத்திப் போய்விட்டதாம். அழுதவனிடம் நீ, "கால் திரும்ப முளைக்கும், அம்மம்மா விலங்கியல் ரீச்சர், அவரே சொல்லியிருக்கிறார்" என்றாயாம்.

பிள்ளை, கால் முளைக்காது. அன்று உனக்கு நான் சொன்னது பொய்.

உனக்கு எவ்வளவு நினைவிருக்கிறதோ தெரியாது. 1995 ஐப்பசி, போருக்குப் பயந்து யாழ்ப்பாணத்து வலிகாமம் முழுவதும் மழைக்குள் நடந்து தென்மராட்சிக்குப் போன நேரம். உனக்கு ஆறு வயது. கொடிகாமத்துக்குப் பக்கத்தில் ஒரு பள்ளிக்கூட வகுப்பறையில் நாங்கள் ஐந்து குடும்பம் இருந்தோம். வேலியோரப் புல்லில் நீ ஒரு தத்துவெட்டியை, அதுதான் வெட்டுக்கிளியை, பிடித்து நெருப்புப்பெட்டிக்குள் வைத்திருந்தாய். திறந்தபோது அது பாய்ந்தது. நீ அமத்திப் பிடித்தாய். கால் உன் கையில் வந்துவிட்டது. "அம்மா, இது திரும்ப முளைக்குமா?" என்று கேட்டாய். அடுத்த பாயில் உன்னைவிட இரண்டு வயது மூத்த பையன் படுத்திருந்தான். செல் குண்டு விழுந்து அவனுக்கு ஒரு கால் முழங்காலுக்குக் கீழே இல்லை. அவனும் என் வாயைப் பார்த்துக்கொண்டிருந்தான். போன கால் போனதுதான் என்று சொல்ல எனக்கு நா எழவில்லை. "முளைக்கும்" என்றேன். அது இப்போது கடல் கடந்து பேரன் வரைக்கும் போயிருக்கிறது.

உண்மையை இப்போது முழுக்கச் சொல்கிறேன். நீ அவனுக்குச் சொல்லு.

முதலில், அந்தக் காலை அவன் பிய்க்கவில்லை. வெட்டுக்கிளியே கழற்றிவிட்டது. தொடை உடலோடு சேரும் இடத்துக்குக் கிட்ட அதற்கென்றே ஒரு மூட்டு இருக்கிறது. ஓணானோ குருவியோ காலைக் கவ்வினால், அந்த இடத்தில் முறித்துக் கொடுத்துவிட்டு உயிரோடு தப்பும். உள்ளேயிருக்கும் மெல்லிய சவ்வு காயத்தை உடனே அடைத்துவிடும். இரத்தம் வரவில்லையே என்று அவன் கேட்டால், அதன் இரத்தம் சிவப்பில்லை என்று சொல்லு. மூச்சுக்காற்றைச் சுமக்கும் வேலை அந்த இரத்தத்துக்கு இல்லை. உடலின் இரு பக்கமும் உள்ள சிறு துளைகள் வழியாகக் காற்று குழாய்களில் உள்ளே போகிறது. அவன் கையில் பட்ட மண்ணிறத் தண்ணீர் இரத்தமும் இல்லை, நஞ்சும் இல்லை. தின்ற இலைச்சாற்றைக் கக்கியிருக்கிறது. என் அம்மா வெற்றிலை துப்பினால் முற்றத்தில் கிடக்குமே, அதே நிறம்.

கரப்பான் குஞ்சுக்கும் குச்சிப்பூச்சிக் குஞ்சுக்கும் கால் போனால், தோல் கழற்றும்போது புதிது வரும். வெட்டுக்கிளியின் பின்னங்கால் அப்படி வராது. அது குஞ்சாக இருந்து ஐந்தாறு முறை தோல் கழற்றினாலும் வராது. பின்னங்கால் சும்மா கால் இல்லை, பிள்ளை. அதுதான் அதன் வில். தசை மெதுவாகச் சுருங்கி முழங்காலில் உள்ள வளைந்த தகட்டை நாண்போல் இழுத்து வைக்கும். விட்டதும் ஒரே வீச்சில் பாயும். பல இனங்களில் ஆண் அந்தக் காலைச் சிறகில் தேய்த்துத்தான் பாடும். ஐரோப்பாவில் ஓர் இனம் இருக்கிறது. இரண்டு காலும் கொஞ்சம் முன்பின்னாக அசைவதால் பாட்டில் இடைவெளி விழாது. ஒரு கால் போனால் நூலிழை அளவு இடைவெளி விழும். பெண் அதைக் கண்டுபிடித்துவிடும். இதைப் படித்த அன்று நான் வெகுநேரம் புத்தகத்தை மூடி வைத்திருந்தேன்.

காது இருப்பது தலையில் இல்லை, வயிற்றின் முதல் வளையத்தில், சிறகடியில். பாலைவன வெட்டுக்கிளி தனியாகத் திரிவதை விட்டுக் கூட்டமாக மாறுவதற்கும் இந்தப் பின்னங்கால் ஒரு காரணம். நெருக்கத்தில் ஒன்றின் காலில் மற்றது உரச உரச, சில மணி நேரத்தில் அதன் குணமே மாறிவிடும். நெஞ்சுப் பகுதி நரம்புமுடிச்சுகளில் செரட்டோனின் என்ற நரம்பு இரசாயனம் கூடுவதால் அப்படி ஆகிறது என்று 2009இல் கண்டுபிடித்தார்கள். 2020இல் குருநாகல் பக்கம் மாவத்தகமவில் புள்ளி வெட்டுக்கிளி வந்தபோது ஊரெல்லாம் அந்தப் பாலைவனக் கூட்டம் வந்துவிட்டதென்று பயந்தார்கள். அது வேறு இனம்.

நம் ஊரில் பச்சையாக, கூம்புத் தலையோடு புகையிலை இலையில் இருக்குமே, அது உன் அப்பாவுக்குப் பகை. வயலில் நெல்லைக் கடிப்பது இன்னொன்று. எல்லாவற்றையும் சேர்த்து மருந்தடிக்கிறவர்களோடு எனக்கு இன்றைக்கும் சண்டைதான். பிறகு செண்பகப் பறவை எதைத் தின்னும்?

சின்னவனின் வெட்டுக்கிளி பிழைத்திருக்கும். ஒற்றைக் காலால் கோணிக் கோணித் தத்தும், நடக்கும், தின்னும். பெண்ணாக இருந்தால் வயிற்றை மண்ணுக்குள் நீட்டி, நுரைக்குள் பொதிந்து முட்டை வைக்கும். உங்கள் ஊர்ப் பனி விழுந்ததும் தாய் செத்துவிடும். முட்டை மண்ணுக்குள் கிடந்து சித்திரை, வைகாசியில் பொரிக்கும். குஞ்சுகள் ஆறு காலோடு வரும். இதை அவனுக்குக் கட்டாயம் சொல்லு.

அந்தப் பையன் இப்போது எங்கே என்று எனக்குத் தெரியாது. பொய்க்கால் வைத்து நடக்கிறான் என்று ஒருமுறை கேள்விப்பட்டேன். அவனிடமும் நான் பேசியிருக்க வேண்டும்.

காலைக் கடதாசியில் சுற்றி வைத்திருக்கிறான் என்றாயே, எறிந்துவிடாதே. பூதக்கண்ணாடி வாங்கிக் கொடு. தொடையில் மீன்முள்போல் சாய்ந்த கோடுகள் தெரியும். உள்ளே தசைகள் ஒட்டியிருக்கும் தடம் அது. கீழே இரண்டு வரிசை முட்கள். எத்தனை முள் என்று எண்ணி எனக்கு அவனையே போனில் சொல்லச் சொல்லு.

அன்புடன்,
அம்மா