இம்பர் கிராமத்து வீடுகளில் பெயர் எழுதி வையுங்கள்

பிரித்தானியப் பாதுகாப்பு அமைச்சகத்துக்கு,

வணக்கம். வில்ட்ஷயரில், சாலிஸ்பரி சமவெளியின் நடுவே உங்கள் பயிற்சிக் களத்துக்குள் இருக்கும் இம்பர் கிராமத்தைப் பற்றி எழுதுகிறேன். ஆகஸ்டில் ஒருநாள் வார்மின்ஸ்டரிலிருந்து அந்த ஊருக்குப் பழைய சிவப்பு மாடிப் பேருந்துகள் விடுகிறார்களே, அதில் ஏறிப் போய்ப் பார்த்துவிட்டு வந்தேன். அன்றிலிருந்து மனசு கேட்கவில்லை.

1943 நவம்பர் 1 அன்று பள்ளிக்கூடத்தில் ஊரைக் கூட்டி, 47 நாட்களுக்குள் காலி செய்யச் சொன்னார்கள். ஐரோப்பாவில் இறங்கவிருந்த அமெரிக்கப் படைகளுக்குப் பயிற்சி இடம் வேண்டும் என்பது காரணம். நிலத்தையும் வீடுகளையும் பெரும்பாலும் போர்த்துறை முன்னமே விலைக்கு வாங்கியிருந்தது. தலைமுறை தலைமுறையாக அங்கே வாழ்ந்தவர்கள் வாடகைக்குக் குடியிருப்பவர்களாகத்தான் இருந்தார்கள்; மறுத்துப் பேச அவர்கள் கையில் ஒன்றுமில்லை. 150 பேர் அளவில் கிறிஸ்துமசுக்கு முன்பே மூட்டை கட்டினார்கள். போர் முடிந்ததும் திரும்பி வந்துவிடலாம் என்றுதான் நம்பிப் போனார்கள்.

ஊர்க் கொல்லர் ஆல்பர்ட் நாஷ், செய்தி கேட்டுப் பட்டடைமேல் சாய்ந்து அழுதாராம். ஊரைவிட்டுப் போன சில வாரங்களிலேயே இறந்துபோனார். அடக்கம் செய்ய இம்பருக்கே கொண்டுவந்தார்கள். அந்த ஊர்க்காரர்களில் திரும்பி வந்தவர் என்றால் அவர் ஒருவரைத்தான் எனக்குச் சொல்லத் தோன்றுகிறது.

1086-இல் எடுத்த டூம்ஸ்டே கணக்கெடுப்பிலேயே இடம்பெற்ற ஊர் அது. எந்த டவுனுக்கும் ஏழு மைல் தள்ளி இருப்பதாக ஒரு பழைய நாட்டுப்பாட்டு சொல்லும். அவ்வளவு ஒதுக்குப்புறமாக இருந்ததால் தனக்கு வேண்டியதைத் தானே பார்த்துக்கொண்டது. 1851-இல் 440 பேர் இருந்தார்கள். ஆடு மேய்த்தார்கள், சுண்ணாம்புக் குன்றுகளில் பயிர் வைத்தார்கள். தெருவை ஒட்டி ஒரு சிற்றோடை. புனித கைல்ஸ் தேவாலயத்தின் கோபுரச் சுவரில் மணிகளை எந்த வரிசையில் அடிக்க வேண்டும் என்று 1692-இல் எழுதி வைத்திருக்கிறார்கள், இன்றும் படிக்கலாம். மாறி மாறிக் கயிறு இழுத்த ஆட்கள் நின்ற இடத்தில் நின்று அதைப் பார்த்தபோது எனக்குத் தொண்டை அடைத்தது.

1961 ஜனவரியில் ஆஸ்டின் அண்டர்வுட் தலைமையில் சுமார் 2,000 பேர் ஊரைத் திருப்பிக் கேட்டு உள்ளே வந்தார்கள். அப்புறம் நடந்த விசாரணையின் முடிவு இராணுவத்துக்கே சாதகமானது. சரி, அதை மறுபடி கிளறவில்லை. மண்ணுக்குள் வெடிக்காத குண்டுகள் கிடக்கின்றன, வெளியேறியவர்களும் அநேகமாகக் காலமாகிவிட்டார்கள். ஊரைத் திருப்பிக் கொடுங்கள் என்று நான் கேட்கவில்லை.

நான் கேட்பது சின்ன விஷயம். தேவாலயத்தை விட்டு வெளியே வந்து தெருவில் நடந்தால் எது யார் வீடு என்று எனக்குப் புரியவில்லை. பயிற்சிக்காக நீங்கள் பிற்பாடு கட்டிய ஜன்னல் இல்லாத கட்டடங்களும், மிஞ்சிய பழைய வீடுகளும் ஒன்றாக நிற்கின்றன. என் பக்கத்தில் நடந்த குழந்தைகள் அந்தப் பயிற்சிக் கட்டடங்களையே பழைய ஊர் என்று நினைத்துக்கொண்டார்கள். இம்பருக்கு இதைவிடப் பெரிய அநியாயம் வேண்டாம்.

டார்செட்டில் டைனம் கிராமத்தையும் அதே 1943 டிசம்பரில்தான் காலி செய்தீர்கள். அங்கே பள்ளிக்கூடத்தைச் சீர்செய்து காட்சிக்கு வைத்திருக்கிறீர்கள். இடிந்த வீடுகளில் இன்ன குடும்பம் இருந்தது, இன்ன வேலை பார்த்தது என்று பலகையில் எழுதியிருக்கிறீர்கள். ஓர் ஊருக்குச் செய்ததை இன்னோர் ஊருக்கும் செய்யலாமே. பெயர்களுக்கு அலைய வேண்டியதும் இல்லை. 1939 தேசியப் பதிவேட்டில் வீடுவாரியாகப் பெயரும் தொழிலும் இருக்கின்றன. மரப்பலகையும் பெயிண்டும் போதும். வீடு இருந்து இப்போது புல் மட்டும் இருக்கும் இடத்திலும் ஒரு கம்பு நட்டு எழுதுங்கள்.

அடுத்த ஆகஸ்டுக்கு நேரம் இருக்கிறது. எல்லாவற்றையும் ஒரே வருடத்தில் முடிக்க முடியாவிட்டால், கொல்லர் பட்டறை இருந்த இடத்திலிருந்து தொடங்குங்கள்.

இப்படிக்கு,
அந்தப் பேருந்தில் வந்த ஒருவர்