அது பியானோ, வாஷிங் மெஷின் அல்ல

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழில் ஹாலிவுட் நகைச்சுவை ஜோடி லாரல் - ஹார்டியின் மௌனப் படமான ‘ஹேட்ஸ் ஆஃப்’ பற்றி அரைப் பக்கம் ஒதுக்கியிருந்தீர்கள். புகைப்படத்துக்குக் கீழே, ‘தொலைந்துபோன படத்திலிருந்து ஓர் அரிய காட்சி’ என்று போட்டிருந்தீர்கள். அரிய காட்சிதான், சந்தேகமில்லை. அந்தப் படத்திலேயே இல்லாத காட்சி அது.

படியில் அவர்கள் ஏற்றிக்கொண்டிருப்பது பியானோ வைத்த மரப்பெட்டி. படம் ‘தி மியூசிக் பாக்ஸ்’, 1932. பேசும் படம். ஆஸ்கார் வாங்கியது. யார் வேண்டுமானாலும் இன்றும் பார்க்கலாம். 1927 நவம்பர் 5இல் வெளியான ‘ஹேட்ஸ் ஆஃப்’பில் அவர்கள் சுமந்தது வாஷிங் மெஷின். லாஸ் ஏஞ்சலஸின் சில்வர் லேக் பகுதியில் இருக்கும் அதே படிக்கட்டில்தான் இரண்டையும் எடுத்தார்கள் என்பதால் குழப்பம் வந்திருக்கலாம். ஆனாலும் பியானோவையும் வாஷிங் மெஷினையும் பிரித்தறியச் சினிமா ஆராய்ச்சி தேவையில்லையே!

போகட்டும், புதிதல்ல. கடிகார முள்ளில் தொங்கும் மௌனப் பட நகைச்சுவை நடிகர் ஹரால்ட் லாய்டுக்கு, அவர் காலத்து இன்னொரு நடிகரின் பெயரான ‘பஸ்டர் கீட்டன்’ என்று நாமகரணம் செய்த பத்திரிகை இது. ‘அந்தக் காலக் கேமரா கோளாறால் ஆட்கள் குடுகுடுவென்று ஓடுகிறார்கள்’ என்று எழுதியதும் இதே பத்திரிகைதான். விநாடிக்கு 16, 18 பிரேம் என்று எடுத்ததை 24இல் ஓட்டினால் யாராக இருந்தாலும் குடுகுடுவென்றுதான் ஓடுவார்கள். கோளாறு ஓட்டுகிறவரிடம். அப்போதே எழுதினேன். பிரசுரமாகவில்லை.

இந்த முறை உறுத்தியது ஒரு வாக்கியம்: ‘அலட்சியத்தால் எங்கோ வைத்துத் தொலைத்துவிட்டார்கள், பழைய பிலிம் வினிகர் நாற்றத்தோடு மக்கிப்போகும்.’ குடையைப் பஸ்ஸில் விட்டுவிட்டு இறங்கிய மாதிரி.

வினிகர் நாற்றம் அடிப்பது அசிடேட் பிலிம். பின்னாளில் வந்த ‘சேஃப்டி’ ரகம். 1927இல் தியேட்டருக்குப் போன 35 மி.மீ. பிரதிகள் நைட்ரேட், எளிதில் தீப்பற்றும் பழைய ரகம். அதன் சாவே வேறு. தானாகவே நைட்ரஜன் ஆக்சைடு வாயுவை விடும். காற்றின் ஈரம் சேர்ந்தால் அது நைட்ரிக் அமிலம். அமிலம் வெள்ளியாலான பிம்பத்தைத் தின்னும், மேலும் சிதைக்கும். சிதைவு இன்னும் வாயுவைக் கிளப்பும். மூடி இறுக்கிய டப்பாவில் வைத்தால் வேலை சீக்கிரம் முடியும். முதலில் பிம்பம் பழுப்பேறி மங்கும். பிறகு மேல்பூச்சு பிசுபிசுக்கும். அடுத்து தேன் நிறத்தில் நுரை. அப்புறம் ரீல் முழுவதும் ஒரே கட்டி. கடைசியில் பழுப்புத் தூள். முதல் இரண்டு கட்டத்தில் கைக்கு வந்தால் பெரும்பாலும் காப்பாற்றலாம். நுரை வந்த பிறகு துண்டு துண்டாகத்தான் ஏதாவது தேறும். சிதைந்த நைட்ரேட் சுமார் 41 டிகிரி செல்சியஸிலேயே தானாகப் பற்றிக்கொள்ளும். பற்றினால் தண்ணீருக்குள்ளும் எரியும், ஆக்சிஜன் அதற்குள்ளேயே இருப்பதால்.

சரி, அலட்சியமா? பேசும் பட அலையைக் கிளப்பிவிட்ட ‘தி ஜாஸ் சிங்கர்’ வெளியானது 1927 அக்டோபர் 6. ‘ஹேட்ஸ் ஆஃப்’ வந்தது ஒரு மாதம் கழித்து. ஓரிரு ஆண்டில் மௌனப் படத்துக்குச் சந்தையே இல்லை. ஓடி முடிந்த பிரதிகளைக் கழுவி வெள்ளியைப் பிரித்தெடுத்தால் நாலு காசு. வைத்திருந்தால் கிடங்கு வாடகை, தீ ஆபத்து. யுனிவர்சல் நிறுவனம் 1948இல் தன்னிடம் மிஞ்சியிருந்த மௌனப் பட நெகட்டிவ்களை அழித்தது. தொலைக்கவில்லை, அழித்தது. லாய்டின் வீட்டுக் கிடங்கு 1943இல் எரிந்தது, எம்.ஜி.எம். கிடங்கு 1965இல். அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தின் 2013ஆம் ஆண்டு ஆய்வுப்படி அமெரிக்காவில் எடுத்த 10,919 மௌன முழுநீளப் படங்களில் மூல 35 மி.மீ. வடிவில் முழுதாக மிஞ்சியவை 14 சதவீதம். நீங்கள் ‘பாதிக்கு மேல் இருக்கிறது’ என்று தாராளம் காட்டியிருக்கிறீர்கள்.

‘இணையத்தில் தேடினால் என்றாவது கிடைக்கும்’ என்று முடித்தீர்களே, கிடைப்பது அங்கல்ல. விநியோகப் பாதையின் கடைசி ஊரில். திருப்பி அனுப்பும் செலவு படத்தின் மதிப்பைவிட அதிகமான இடங்களில். 1978இல் கனடாவின் டாசன் நகரில் நிலத்தடியிலிருந்து 533 ரீல்கள் வந்தன. நகைச்சுவை நடிகர்கள் ஆர்பக்கிளும் கீட்டனும் நடித்த ‘தி குக்’ 1998இல் நார்வேயில் கிடைத்தது. லாரல் - ஹார்டியின் 1927 கடைசியில் வந்த ‘தி பேட்டில் ஆஃப் தி செஞ்சுரி’யின் இரண்டாம் ரீல் 2015இல் ஒரு தனியார் சேகரிப்பில், 16 மி.மீ. பிரதியாகக் கிடைத்தது.

ஆக, தேடவேண்டியது இரண்டு ரீல்: சுமார் 2,000 அடி, அடிக்கு 16 பிரேம், 32,000 பிரேம். தலைப்பும், காட்சிகளுக்கு நடுவே வசனம் காட்டும் இடையெழுத்தும் வேற்று மொழியில் இருக்கலாம். ஓரத்தில் ‘சேஃப்டி’ என்று இருந்தால் நிம்மதி. ஆனால் பிரதி எடுக்கும்போது மூலத்தின் ஓர எழுத்தும் சேர்ந்து பதியும். ‘நைட்ரேட்’, ‘சேஃப்டி’ இரண்டும் தெரிந்தால் பதறவேண்டாம், நைட்ரேட் மூலத்திலிருந்து எடுத்த சேஃப்டி பிரதியாக இருக்கும். பிலிம் தயாரித்த ஆண்டைக் காட்ட கோடாக் நிறுவனம் போட்ட ஓரக் குறிகள் 20 ஆண்டுக்கு ஒருமுறை திரும்ப வருபவை. 1927 என்று நினைப்பது 1947ஆக இருக்கலாம். நைட்ரேட்தான் என்றால் புரொஜெக்டரில் மாட்டவே கூடாது. 1 சதவீதம் சுருங்கினாலே அடிக்கு 3 மி.மீ. குறையும், பல்சக்கரம் துளைகளைக் கிழித்துவிடும்.

இவ்வளவும் தங்களுக்குத் தெரியாததல்ல. அடுத்த இதழில் ஒரே ஒரு வரி போதும்: ‘சென்ற இதழில் வெளியானது தி மியூசிக் பாக்ஸ் படத்தின் காட்சி.’ திருத்தத்தோடு வேறு படம் போடுவதாக இருந்தால் ‘ஹேட்ஸ் ஆஃப்’பின் விளம்பர ஸ்டில்கள் இருக்கின்றன. வாஷிங் மெஷின் இருக்கிறதா என்று மட்டும் பார்த்துவிட்டுப் போடுங்கள்.

இப்படிக்கு,
நெடுநாள் சந்தாதாரர்