சோற்றில் கலக்கும் மாத்திரை

ஆசிரியருக்கு வணக்கம்.

மனநோய்க்கு மாத்திரை சாப்பிட மறுப்பவர்களைப் பற்றிச் சென்ற வாரம் ஒரு வாசகர் எழுதியிருந்தார். கெஞ்சிப் பயனில்லை, பொடித்துச் சோற்றில் கலந்துவிட வேண்டியதுதான் என்பது அவர் சொன்ன வழி. அரசு மருத்துவமனையில் மருந்தாளுநராக இருந்து ஓய்வு பெற்றவன் நான். மருந்து ஜன்னலுக்கு வெளியே நின்று இதையே தாழ்ந்த குரலில் கேட்ட அம்மாக்கள் உண்டு. ராத்திரி முழுக்கக் கத்தும் மகனை வைத்துக்கொண்டு பக்கத்து வீட்டார் முகத்தில் விழிக்க முடியாமல் தவிப்பவரிடம் நோயாளியின் உரிமை பற்றிப் பாடம் நடத்த எனக்கு மனமில்லை. ஆனால் மருந்துக் கணக்குப்படி பார்த்தாலே அந்த வழி உதைக்கிறது.

அதீத உற்சாகமும் சோர்வும் மாறி மாறி வரும் மனநோய்க்குத் தரும் லித்தியத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். ரத்தத்தில் அது ஒரு குறுகிய அளவுக்குள் இருக்க வேண்டும். மிஞ்சினால் கை நடுக்கம், வாந்தி, தள்ளாட்டம் என்று நஞ்சாகிவிடும். வயிற்றுப்போக்கு வந்தாலும் ஏறும், மூட்டு வலிக்கு டைக்ளோஃபெனாக் போட்டாலும் ஏறும். தான் லித்தியம் சாப்பிடுவதே தெரியாத ஒருவர் கடையில் வலி மாத்திரை கேட்டால், கடைக்காரர் எதை வைத்து எச்சரிப்பார்? லித்தியத்திலும், அதே நோய்க்குத் தரும் வால்ப்ரோயேட்டிலும் மெதுவாகக் கரைவதற்கென்றே செய்த மாத்திரைகள் இருக்கின்றன. அவற்றைப் பொடித்தால் பல மணி நேரத்துக்கான மருந்து ஒரேயடியாக உடம்பில் இறங்கும். மனச்சிதைவு உள்ளவர்களில் பலருக்குச் சாப்பாட்டில் விஷம் வைக்கிறார்கள் என்ற சந்தேகம் ஏற்கெனவே இருக்கும். சாம்பாரில் கசப்பைக் கண்டுபிடித்துவிட்டால் அந்தச் சந்தேகத்துக்கு நாமே சாட்சி சொன்னதாக ஆகாதா? அப்புறம் மாத்திரையோடு வீட்டுச் சாப்பாடும் நின்றுபோகும்.

எல்லாம் பிடிவாதம் என்கிறார் அந்த வாசகர். தனக்கு நோய் இருப்பதையே உணர விடாத நோய் இது என்பது உண்மைதான். ஆனாலும் பலர் காரணத்தோடுதான் நிறுத்துகிறார்கள். மனச்சிதைவுக்குத் தரும் ஹாலோபெரிடால் சிலருக்குக் கால்களை ஓரிடத்தில் நிற்க விடாது. உட்கார்ந்தால் எழ வேண்டும், எழுந்தால் நடக்க வேண்டும். வீட்டார் அதைப் பார்த்து நோய் முற்றிவிட்டது என்பார்கள். ஓலன்ஸாபின் பசியைக் கிளப்பி உடம்பைப் பெருக்க வைக்கும், சர்க்கரையையும் ஏற்றும். ரிஸ்பெரிடோனால் மாதவிலக்கு நின்றுபோகலாம், கல்யாணமாகாத பெண்ணுக்கு மார்பில் பால் கசியலாம். நெரிசலான ஓ.பி.யில், அப்பாவைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, அவள் இதை யாரிடம் சொல்வாள்? தாம்பத்தியத்தில் குறை வந்த ஆணும் வாய் திறப்பதில்லை. பேசாமல் மாத்திரையை விட்டுவிடுகிறார்கள். சொல்லியிருந்தால் மருத்துவர் அளவைக் குறைத்திருப்பார், மருந்தை மாற்றியிருப்பார். கால் நிலைகொள்ளாத தவிப்புக்கு ப்ரோப்ரனலால் என்ற மாத்திரையை எழுதியிருப்பார்.

இதில் ஏமாற்றும் விஷயம் ஒன்று உண்டு. விட்டவுடன் நோய் திரும்புவதில்லை. மந்தம் விலகி, முகம் தெளிந்து, ஆள் நன்றாகத்தான் இருப்பார். "மாத்திரை இல்லாமலே நல்லாத்தானே இருக்கேன்" என்பார். வாரங்களோ மாதங்களோ கழித்து நோய் வரும்போது, நிறுத்தியதோடு அதை அவர் முடிச்சுப் போட மாட்டார். பி.பி. மாத்திரையை விட்டவரும் இதே வசனத்தைத்தான் பேசுகிறார். நாள்பட்ட நோய்களுக்கு ஒழுங்காக மருந்து எடுப்பவர்கள் வளர்ந்த நாடுகளிலேயே பாதிப் பேர்தான் என்று உலக சுகாதார நிறுவனம் 2003-இல் சொன்னது. பிடிவாதத்தை மனநோயாளி தலையில் மட்டும் கட்டுவானேன்?

மனச்சோர்வு மாத்திரையின் கதை நேர்மாறு. அது வேலை செய்யவே இரண்டு முதல் நான்கு வாரம் ஆகும். குமட்டலோ முதல் வாரத்திலேயே வந்துவிடும். இதை முன்கூட்டியே ஒரு நிமிடம் சொல்லிவிட்டால் போதும், பாதியில் விடுகிறவர்கள் குறைவார்கள். அந்த ஒரு நிமிடம்தான் ஓ.பி.யில் கிடைப்பதில்லை.

உண்மையாகவே மறுப்பவர்களுக்கும் வழி இருக்கிறது. நாக்குக்கடியில் ஒளித்துத் துப்புகிறவர்களுக்கு வாயில் வைத்ததும் கரையும் மாத்திரை உண்டு. இரண்டு முதல் நான்கு வாரத்துக்கு ஒருமுறை போடும் ஃப்ளூஃபெனசின் ஊசியும் உண்டு. நலமாக இருக்கும்போதே அவரிடம் பேசி, மறுபடி முடியாமல் போனால் எந்த மருந்து வேண்டும், எது வேண்டாம் என்று எழுதி வாங்கிக்கொள்ளலாம். 2017-ஆம் ஆண்டு மனநலப் பாதுகாப்புச் சட்டம் அதற்கு இடம் தருகிறது. அத்தியாவசியப் பட்டியலில் உள்ள மனநல மருந்துகளைச் சமுதாய சுகாதார நிலையம் முதல் மேலுள்ள அரசு மருத்துவமனைகளில் எந்நேரமும் இலவசமாகத் தர வேண்டும் என்பதும் அதே சட்டம்தான்.

நடைமுறையில், மாத்திரைக்காக ஒரு நாள் கூலியை விட்டு, துணைக்கு ஒருவரையும் கூட்டிக்கொண்டு பஸ் ஏற வேண்டியிருக்கிறது. போன மாதம் வெள்ளை, இந்த மாதம் மஞ்சள் என்று கம்பெனி மாறும்போது நிறமும் மாறும். "இது என் மாத்திரை இல்லை" என்று அப்படியே வைத்துவிட்டுப் போனவர்களைப் பார்த்திருக்கிறேன். நிறம் மாறினாலும் மருந்து அதுவேதான் என்று ஜன்னலில் சொல்லிக் கொடுப்பது எங்கள் வேலை. என் துறைத் தோழர்கள் கோபித்துக்கொண்டாலும் சரி, அது எங்கும் சரியாக நடப்பதில்லை. 2021-இல் தமிழக அரசு தொடங்கிய ‘மக்களைத் தேடி மருத்துவம்’ திட்டம் சர்க்கரைக்கும் பி.பி.க்கும் மாத்திரையை வீட்டு வாசலுக்கே கொண்டுவருகிறது. நிலையான அளவில் மருந்து எடுப்பவர்களின் மனநல மாத்திரைகளும் எல்லா ஊர்களிலும் அந்தப் பையில் இருக்க வேண்டும்.

உங்களுக்கும் ஒரு வேண்டுகோள். அரசின் மனநல ஆலோசனைத் தொலைபேசியான டெலி மானஸின் எண் 14416-ஐ மருத்துவப் பக்கத்தில் தொடர்ந்து அச்சிடுங்கள். இலவசம், 24 மணி நேரமும் தமிழில் பேசலாம். மாத்திரையை நிறுத்தலாமா என்று யோசிப்பவர்களும் அங்கே கேட்கலாம்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற மருந்தாளுநர்,
திண்டுக்கல் மாவட்டம்