வீட்டுக்கடன்: மொத்தத் தொகையையும் சொல்லுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

கடலூரிலும் புதுச்சேரி எல்லையோர மனைப்பிரிவுகளிலும் வீடு விற்போர் மாதத் தவணையைத்தான் பெரிய எழுத்தில் விளம்பரப்படுத்துகின்றனர். முடிவில் மொத்தம் எவ்வளவு கட்டியிருப்போம் என்பதை நாமாகக் கேட்டால்தான் சொல்கின்றனர்.

30 லட்சம் ரூபாயை 8.5 சதவீத வட்டியில் 20 ஆண்டுகளுக்குப் பெற்றால் மாதத் தவணை ஏறத்தாழ 26,035 ரூபாய். முதல் தவணையில் 21,250 ரூபாய் வட்டிக்கே போய்விடும். கடன் தீரும்போது நாம் கட்டியிருப்பது சுமார் 62.5 லட்சம். தவணைச் சுமை குறையட்டுமென 30 ஆண்டுகளாக நீட்டினால், மாதந்தோறும் மூவாயிரத்துக்கும் குறைவாகவே மிஞ்சும். வட்டியோ 20 லட்சத்துக்கு மேல் கூடிவிடும். பத்திரச் செலவும் காப்பீடும் இக்கணக்கில் சேரவில்லை.

மாறும் வட்டிக் கடனில் விகிதம் உயரும்போது, தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா என்று தேர்ந்தெடுக்கும் வாய்ப்பைக் கடனாளிக்குத் தர வேண்டும் என 2023 ஆகஸ்டிலேயே ரிசர்வ் வங்கி அறிவுறுத்தியுள்ளது. தனிநபர் பெறும் இத்தகைய வீட்டுக்கடனை முன்கூட்டி அடைக்க அபராதமும் கிடையாது என்பதால், சீட்டுப் பணமோ போனஸோ வரும்போது, குறிப்பாகத் தொடக்க ஆண்டுகளில், அசலில் ஒரு பகுதியைக் கட்டிவிடுவது நகை வாங்குவதைவிட மேலானது என்பது என் கருத்து.

வங்கிக் கிளைகள் கையெழுத்து வாங்கும் முன்பே முழுத் தவணை அட்டவணையைத் தமிழில் அச்சிட்டுத் தர வேண்டும்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
மஞ்சக்குப்பம், கடலூர்.