கேமரன் மலைக்குப் போய் வந்தேன்

அன்புள்ள கண்ணுக்கு,

அம்மா எழுதுகிறேன். நன்றாக இருக்கிறாயா? வேளைக்குச் சாப்பிடுகிறாயா? போனில் கேட்டால் கட்டைவிரல் படம் ஒன்று வருகிறது. அதை வைத்து நீ சோறு சாப்பிட்டாயா, ரொட்டியைக் கடித்துவிட்டுப் படுத்தாயா என்று எப்படித் தெரிந்துகொள்வது? அதனால்தான் தாளை எடுத்து உட்கார்ந்துவிட்டேன். இங்கே சிங்கப்பூரில் மணி நாலு. மெல்பர்னில் ஆறாகி இருட்டியிருக்கும். காதை மூடிக்கொள். சின்ன வயதிலிருந்தே உனக்குக் குளிர் காதில்தான் முதலில் பிடிக்கும்.

ஒரு சேதி. போன மாதம் சித்தியோடு கேமரன் மலைக்குப் போய் வந்தேன். முன்னாலேயே உன்னிடம் சொல்லியிருக்க வேண்டும். சொல்ல வாய் வரவில்லை. ஏன் என்று உனக்குத் தெரியும்.

கோலாலம்பூரில் பெரியம்மா வீட்டில் இரண்டு இரவு தங்கினோம். நடுவில் ஒரு நாள் இந்தப் பயணம். காலை ஏழு மணிக்கு வேன் வாசலுக்கே வந்துவிட்டது. மொத்தம் பதினொரு பேர். வழிகாட்டி நம் தமிழ்ப் பையன், உன் வயதுக்குக் கொஞ்சம் குறைவாக இருப்பான். மலாய், ஆங்கிலம், தமிழ் மூன்றிலும் மாற்றி மாற்றிப் பேசினான். என்னை "அம்மா, பார்த்து இறங்குங்க" என்று ஒவ்வொரு இடத்திலும் கையைப் பிடித்து இறக்கிவிட்டான். அவனைப் பெற்றவள் கொடுத்து வைத்தவள். வாரம் ஒரு தடவை அம்மாவோடு வீடியோவில் பேசிவிடுவேன் என்று அவனாகவே சொன்னான். நான் கேட்கவில்லை.

நெடுஞ்சாலையில் தாப்பா வரை தூக்கம்தான். அங்கிருந்து வெள்ளைக்காரன் காலத்து மலைப்பாதை, அறுபது கிலோமீட்டருக்குக் கொஞ்சம் குறைவு. வளைவு, வளைவு, வளைவு. சித்தி மூன்றாவது வளைவிலேயே பையை நீட்டிவிட்டாள். நான் அசாம் புளிப்பு மிட்டாயை வாயில் அடக்கிக்கொண்டு தாக்குப்பிடித்தேன். நீயும் எங்காவது மலைப்பாதையில் போனால் வெறும் வயிற்றோடு போகாதே. எங்கே போனாலும் வெறும் வயிற்றோடு போகாதே.

வழியில் லாத்தா இஸ்கந்தர் அருவி. இருபது நிமிஷம் நிறுத்தினார்கள். ரோட்டோரத்தில் காட்டுப் பூர்வகுடிகளான ஓராங் அஸ்லி மக்கள் பெத்தாய் அவரையும் தேனும் விற்கிறார்கள். பெத்தாய் வாங்கினால் வேன் முழுக்க வாசம் வரும் என்று சித்தி விடவில்லை. அப்பா இருந்திருந்தால் வாங்கியிருப்பார்.

ரிங்லெட் தாண்டியதும் காற்று மாறிவிட்டது. கண்ணாடியை இறக்கச் சொன்னேன். ஆயிரத்து ஐந்நூறு மீட்டர் உயரமாம். அந்தப் பையன் ஒரு கதை சொன்னான். 1885-இல் வில்லியம் கேமரன் என்ற நில அளவையாளர் இந்த மலையைக் கண்டுவிட்டு, இடத்தை வரைபடத்தில் சரியாகக் குறிக்காமல் போய்விட்டாராம். பேர் மட்டும் இருந்தது, இடம் தெரியவில்லை. 1920-களில்தான் திரும்பத் தேடிக் கண்டு ரோடு போட்டார்களாம்.

தேயிலைத் தோட்டத்தைப் பற்றி உனக்கு நிறையச் சொல்ல வேண்டும். சுங்கை பாலாஸ் என்ற இடம். 'போ' (BOH) என்ற தேயிலை இருக்கிறதே, நம் வீட்டில் அப்பா குடித்தது, அவர்களுடைய தோட்டம். 1929-இல் ரஸ்ஸல் என்ற வெள்ளைக்காரர் தொடங்கியது. மேட்டில் நின்று பார்த்தால் கண்ணுக்கு எட்டுகிற வரை பச்சைக் கம்பளியைச் சுருட்டிச் சுருட்டிப் போட்ட மாதிரி இருக்கிறது. வெட்டாமல் விட்டால் தேயிலை மரமாகவே வளர்ந்துவிடுமாம். இடுப்பு உயரத்தில் கவாத்துப் பண்ணிப் பண்ணித்தான் செடியாக வைத்திருக்கிறார்கள். உள்ளே ஆலையில் இலையை வாட்டுவது, உருட்டுவது, புளிக்க விடுவது, காய வைப்பது எல்லாம் கண்ணாடி வழியாகப் பார்த்தோம். பச்சை இலை பழுப்பாக மாறும்போது வருகிற வாசம் இருக்கிறதே, நான் அங்கேயே நின்றுவிட்டேன். சித்தி வந்து இழுத்துக்கொண்டு போனாள்.

பழைய படங்களில் கூடையைத் தலையில் மாட்டிக்கொண்டு நிற்பவர்கள் எல்லாம் நம் பெண்கள். அப்பாயி ஜொகூர் ரப்பர் தோட்டத்தில் பால்மரம் வெட்டியவள், உனக்குத் தெரியும். அவள் முகம் அந்தப் படத்தில் இருக்கிறதா என்று தேடினேன், அவள் தேயிலை பறித்ததே இல்லை என்று தெரிந்தும். இப்போது தோட்டத்தில் வேலை செய்கிறவர்கள் வங்காளதேசத்திலிருந்தும் நேப்பாளத்திலிருந்தும் இந்தோனேசியாவிலிருந்தும் வருகிறார்களாம். ஒரு பையன் பாறைமேல் ஏறி நின்று, சிக்னல் கிடைக்கிற இடம் பார்த்து, வீட்டோடு பேசிக்கொண்டிருந்தான். பாறைமேல் ஏறி நின்று, கண்ணு. நீ இருக்கிற ஊரில் எங்கே நின்றாலும் சிக்னல் உண்டு.

சரி, விடு. குறை சொல்ல எழுதவில்லை.

தானா ராத்தாவில் மதியச் சாப்பாடு. அதற்கு முன்னால்தான் அந்தப் பையன் ஜிம் தாம்சனைப் பற்றிச் சொன்னான். பாங்காக்கில் பட்டு வியாபாரம் செய்து பேர் வாங்கிய அமெரிக்கர். 1967 மார்ச் 26, ஈஸ்டர் ஞாயிறு. அங்கே ஒரு பங்களாவில் நண்பர்களோடு தங்கியிருந்தார். பங்களாக்காரர்கள் நம் சிங்கப்பூர்த் தம்பதிதானாம். மதியம் மற்றவர்கள் கண் அயர்ந்த நேரத்தில் நடந்து போனவர் திரும்பவில்லை. சிகரெட்டைக்கூட எடுத்துக்கொள்ளவில்லை. போலீஸ், ராணுவம், ஓராங் அஸ்லி ஆட்கள் எல்லாரும் நாள்கணக்காகக் காட்டைச் சலித்தார்கள். ஒரு துணித்துண்டுகூடக் கிடைக்கவில்லை. வேனில் இருந்த ஒரு சின்னப் பிள்ளை, "போன் பண்ணிப் பார்க்கலையா?" என்று கேட்டது. எல்லாரும் சிரித்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. சாப்பாட்டுக் கடையில் சோற்றைப் பிசைந்துவிட்டு அப்படியே வைத்துவிட்டேன். சித்தி மலைப்பாதையால் வயிறு சரியில்லை என்று நினைத்துக்கொண்டாள்.

பிறகு ஸ்ட்ராபெரி தோட்டம், காய்கறிச் சந்தை. அதில் சொல்ல ஒன்றுமில்லை, எங்கே பார்த்தாலும் பிளாஸ்டிக் கூரைதான். நாலு மணிக்கு இறங்கத் தொடங்கிவிட்டோம். போக வர ஏழு மணி நேரம், மேலே இருந்தது ஐந்து மணி நேரம். ஒரே நாளில் போய் வருகிற இடமில்லை அது. போனால் ஓர் இரவாவது தங்க வேண்டும்.

மேலே நல்ல குளிர். நான் மெல்லிய சால்வைதான் கொண்டுபோயிருந்தேன். பையில் ஒரு சுவெட்டர் இருந்தது, ஆனால் என்னால் போட முடியாது. பன்னிரண்டு வயதுப் பிள்ளைக்கு வாங்கியது. முஸ்தபா கடையில் வாங்கிய அந்தச் சிவப்பு சுவெட்டர்தான். அதை எதற்குத் தூக்கிக்கொண்டு வந்தாய் என்று சித்தி கேட்டாள். நான் பதில் சொல்லவில்லை.

எதிர்வீட்டு அக்காவின் மருமகன் உன் ஊரில்தானே இருக்கிறார். அங்கே கம்பெனிகளில் நிறையப் பேரைக் குறைக்கிறார்கள் என்று பேச்சோடு பேச்சாகச் சொன்னாராம். நான் மேற்கொண்டு ஒன்றும் கேட்கவில்லை. ஏப்ரலில் ஒரு செவ்வாய்க்கிழமை மத்தியானம் கூப்பிட்டபோது நீ வீட்டில் அடுப்படியில் நின்றுகொண்டிருந்தாய். லீவு என்றாய். சரி என்றேன். போன மாதம் வழக்கத்தைவிட அதிகமாகப் பணம் அனுப்பியிருக்கிறாய். எதற்கு? எனக்கு சிபிஎஃப் சேமநிதிப் பணம் வருகிறது, போதும். நீ அனுப்பியது அப்படியே வங்கியில் இருக்கிறது. பருப்பாவது வேகவைத்துச் சாப்பிடு. ரசம் வைக்க பத்து நிமிஷம் போதும். குளிரில் வயிறு காயக் கூடாது.

உன்னைப் பற்றி நான் யாரிடமும் குறைவாகப் பேசியதில்லை, தெரியுமா? பாலிடெக்னிக்கில் மேடை ஏறிப் பதக்கம் வாங்கிய படம் இன்னும் கூடத்தில்தான் மாட்டியிருக்கிறது. மின்சாரக் கணக்கெடுக்க வந்தவரிடம்கூட என் மகள் என்று காட்டினேன். ஆனால் நீ கெட்ட சேதி ஒன்றைக்கூட என்னிடம் கொண்டு வந்ததில்லை. அந்தப் பாலிடெக்னிக்கிலேயே முதல் வருஷம் ஒரு பாடத்தில் தவறியதை மூன்று வருஷம் கழித்து உன் தோழி சொல்லித்தான் தெரிந்துகொண்டேன். அழுத்தக்காரி என்று உன்னைத் திட்டினேன். யார் உன்னை அப்படி ஆக்கியது என்று நான் அப்போது யோசிக்கவில்லை.

கண்ணு, நீ தொடக்கநிலை ஆறு தேர்வில் 211 வாங்கியதால் அப்போது கேமரன் மலைப் பயணம் நின்றுபோகவில்லை. பணம் இல்லை.

1998. தீபாவளிக்கு முந்தின வாரம் மாமா வந்தார். அந்த வருஷம் எல்லாருக்கும் அடி, அவர் கடைக்கும் அடி. அப்பா வேலைக்குப் போயிருந்த நேரம். மைலோ டின்னில் மலைக்காகச் சேர்த்து வைத்திருந்த பணம் தொள்ளாயிரம் வெள்ளியையும் எடுத்துக் கொடுத்துவிட்டேன். ஒரு மாதத்தில் தருவதாகச் சொன்னார். மாமா கதை உனக்குத் தெரியும். அப்பாவிடம் சொல்லவில்லை. முன்னாலேயே ஒரு தடவை மாமாவுக்குக் கொடுத்து வீட்டில் பெரிய சண்டை. அப்பாவோ கோல்டன் மைல் கட்டடத்தில் மலைக்குப் போகிற பஸ்ஸுக்கு முன்பணம் கட்டிவிட்டு வந்து, பாக்கியை எடுத்து வை என்கிறார். எனக்கு ராத்திரியில் தூக்கம் இல்லை.

அப்புறம் நவம்பரில் உன் தேர்வு முடிவு. நீ பள்ளிக்கூடக் காலணியைக் கழற்றாமலே வாசலில் நின்று சீட்டை நீட்டினாய். 211. பார்த்த நொடியில் எனக்குக் கோபம் வரவில்லை, கண்ணு. அப்பாடா என்று இருந்தது. தப்பிக்க வழி கிடைத்துவிட்டது. "இந்த மார்க்குக்கு மலை ஒரு கேடா?" என்று கேட்டேன். மேல்வீட்டுப் பையன் 243 என்று வேறு சொன்னேன். அப்பா, "பிள்ளை பாஸ் பண்ணியிருக்கிறாளே, போய் வருவோம்" என்றார். செல்லம் கொடுத்துக் கெடுக்காதீர்கள் என்று அவர் வாயையும் அடைத்தேன். முன்பணம் போனால் போகட்டும் என்றேன்.

நீ அழவில்லை. உள்ளே போய் அந்தச் சுவெட்டரை மடித்து அலமாரியில் கடைசித் தட்டில் வைத்தாய். கையை உள்பக்கமாக மடித்து, கடையில் இருந்தது போலவே. நான் கதவருகில் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன்.

உயர்நிலை இரண்டில் மலாக்கா சுற்றுலாவுக்குப் படிவம் கொடுத்தார்கள். என்னிடம் காட்டாமலே வரவில்லை என்று எழுதிக் கொடுத்திருக்கிறாய். ஆசிரியை என்னைக் கூப்பிட்டு, வீட்டில் பணக் கஷ்டமா என்று கேட்டார். நீ அவரிடம் சொன்ன காரணம், கணக்கில் மார்க் குறைந்துவிட்டது என்பதுதானாம். அன்றைக்கே உன்னை உட்கார வைத்து உண்மையைச் சொல்லியிருக்க வேண்டும். எம்ஆர்டி ரயில் நிலையத்தில் அரை மணி நேரம் உட்கார்ந்துவிட்டு வீட்டுக்கு வந்து சமைத்தேன். அப்பாவுக்குக் கடைசி வரை தெரியாது. அவர் போய் ஆறு வருஷம் ஆகிறது. பிள்ளையை ஒருமுறை மலைக்குக் கூட்டிப் போகவில்லையே என்று ஆஸ்பத்திரியில்கூடச் சொன்னார். அப்போதும் நான் வாய் திறக்கவில்லை.

அந்தத் தொள்ளாயிரம் வெள்ளி பெரிதில்லை. நான் செய்த தப்பை உன் தப்பாக மாற்றி உன் தலையில் வைத்தேன். நீ அதை நம்பி இருபத்தைந்து வருஷத்துக்கு மேல் சுமந்துகொண்டிருக்கிறாய். அங்கே தேயிலை மேட்டில் நின்றபோது உன்னைக் கூட்டிக்கொண்டு வந்திருந்தால் இப்படி இருந்திருக்குமா என்று மட்டும்தான் நினைத்தேன். ஊரைப் பார்த்தேன், இல்லையென்று சொல்லவில்லை. ஆனால் அந்தச் சுவெட்டர் இருந்த பை கனத்துக்கொண்டே இருந்தது.

உனக்கு என்மேல் கோபம் வந்தால் வரட்டும். போனில் கத்தினாலும் சரி, கேட்டுக்கொள்கிறேன். வேலை என்ன ஆயிற்று என்று நான் கேட்கப்போவதில்லை. நீயாகச் சொன்னால் கேட்பேன், சொல்லாவிட்டாலும் நீ என் பிள்ளைதான். வாடகைக்கு முடை என்றால் நீ அனுப்பிய பணம் தொடாமல் இருக்கிறது, அதை முதலில் எடுத்துக்கொள். உன் அறையில் சித்தியின் தையல் மெஷின் இருந்தது. நேற்று அதைக் கூடத்துக்கு மாற்றிவிட்டேன். மெத்தையை வெயிலில் போட்டேன்.

காதை மூடிக்கொள். இரவில் ஜன்னலைத் திறந்து வைத்துத் தூங்காதே.

மலையிலிருந்து தேயிலை இரண்டு பொட்டலம் வாங்கி வந்தேன். ஒன்று எனக்கு, ஒன்று உனக்கு. உன்னுடையதைத் தபாலில் அனுப்பட்டுமா, இல்லை நீ வந்து எடுத்துக்கொள்கிறாயா? அதை மட்டுமாவது இரண்டு வரி எழுது. கட்டைவிரல் வேண்டாம்.

அம்மா