லிந்தா என்ற பெயர்: மகனுக்கு ஒரு கடிதம்

அன்பு மகனுக்கு,

இங்கே எல்லோரும் நலம். மருமகள் உடம்பைப் பார்த்துக்கொள்கிறாளா? பெண் பிறந்தால் லிந்தா என்று வைக்கலாமா என்று கேட்டிருந்தாய். மருமகள் எஸ்தோனியப் பெண், அது அவள் பாட்டியின் பெயர் என்பதால் அந்த வீட்டில் எல்லோருக்கும் சம்மதம். முணுமுணுப்பு நம் பக்கம்தான். "ஏதோ இங்கிலீஷ்காரப் பெயர்" என்கிறார் பெரியப்பா. "கதையில் அழுதே கரைந்த விதவையின் பெயராமே" என்கிறாள் அத்தை. எனக்கோ பெயர் மிகவும் பிடித்திருக்கிறது. காரணத்தை விவரமாக எழுதுகிறேன், அவர்கள் போன் செய்யும்போது படித்துக் காட்டு.

லிந்தா என்ற ஒலியில் ஐரோப்பாவில் பல இடங்களில் பெயர் உண்டு. ஸ்பானிய மொழியில் அது அழகானவள். ஆனால் எஸ்தோனியர் காதில் அந்தப் பெயரோடு சேர்ந்து ஒலிப்பது 'லிந்த்', அதாவது பறவை. அதற்குக் காரணம் அவர்களுடைய காப்பியமான 'கலேவிபோயெக்'. ஃபேல்மன் என்ற மருத்துவர் தொடங்கி, 1850இல் இறந்துபோக, வோரு ஊரில் மருத்துவராக இருந்த கிரொய்ட்ஸ்வால்ட் அந்த வேலையை எடுத்து முடித்தார். நாட்டுப்பாடல்களையும் வாய்மொழிக் கதைகளையும் கோத்து, நடுவில் தானும் நிறைய இயற்றிச் சேர்த்தார். 1857 முதல் 1861 வரை எஸ்தோனிய மொழியிலும் ஜெர்மனிலும் பகுதி பகுதியாக வந்தது. சாதாரண மக்கள் வாங்கிப் படிக்கும் பதிப்பு 1862இல் பின்லாந்தில் அச்சானது.

லிந்தா வருவது முதல் காண்டத்திலேயே. மேற்குக் கரைப் பக்கம் ஒரு விதவை. மாடு மேய்க்கப் போன வழியில் ஒரு கோழிக்குஞ்சு, ஒரு காட்டுக்கோழி முட்டை, ஒரு காக்கைக்குஞ்சு மூன்றையும் கண்டெடுத்து வீட்டுக்குக் கொண்டுவருகிறாள். கோழிக்குஞ்சு வளர்ந்து சல்மே என்ற பெண்ணாகிறது. முட்டையிலிருந்து லிந்தா வருகிறாள். காக்கைக்குஞ்சு வீட்டு வேலைக்காரியாகிறது. சல்மேயைப் பெண் கேட்டுச் சந்திரன் வருகிறான், சூரியன் வருகிறான். பயிரைக் கருக்குகிறவன், வைக்கோல் காயும் நேரத்தில் மழையை விடுகிறவன் என்று சூரியனை அவள் தள்ளிவிடுகிறாள். நட்சத்திரத்தைக் கட்டிக்கொள்கிறாள். இந்தப் பகுதி கிரொய்ட்ஸ்வால்ட் கட்டியதல்ல. நட்சத்திரத்தின் மணப்பெண் பற்றிய பழைய பெண்கள் பாட்டு. வேளாண்மை செய்த பெண்கள் மாப்பிள்ளையை எடைபோட்ட விதம் அதில் அப்படியே இருக்கிறது.

லிந்தாவையும் சந்திரன், சூரியன், தண்ணீர், காற்று என்று வரிசையாக வந்து கேட்கிறார்கள். எல்லோருக்கும் மாட்டேன் என்கிறாள். கலேவ் என்ற மாவீரன் வந்தபோதுதான் சம்மதம். அத்தையிடம் இதை அழுத்திச் சொல். தன் கணவனைத் தானே தேர்ந்தெடுத்தவள் அவள்.

அழுகை அதற்குப் பிறகு. கலேவ் இறந்தபோது லிந்தா கர்ப்பிணி. அவன் கல்லறை மேல் கல் சுமந்து அடுக்குகிறாள். அப்படி எழுந்ததுதான் எஸ்தோனியத் தலைநகர் தாலினின் நடுவில் இருக்கும் தோம்பேயா குன்று என்பது கதை. சுமந்து வந்த ஒரு கல் நழுவி விழ, அதன்மேல் உட்கார்ந்து அழுதாள். கண்ணீர் தேங்கி யூலெமிஸ்தே ஏரியானது. விமான நிலையத்தை ஒட்டிக் கிடக்கிறதே, அதே ஏரி. தாலினின் பெரும்பகுதிக்குக் குடிநீர் அங்கிருந்துதான் வருகிறது, அதனால் யாரையும் குளிக்க விடுவதில்லை. அந்தக் கல்லும் லிந்தாவின் கல் என்ற பெயரில் ஏரிக்குள் இருக்கிறது. பின்னால் ஒரு பின்லாந்து மந்திரவாதி அவளைத் தூக்கிக்கொண்டு போக, இடி தேவன் அவனை வீழ்த்தி அவளைக் கல்லாக்கிவிடுகிறான். அவள் பெற்ற கடைசிப் பிள்ளைதான் காப்பிய நாயகன்.

துக்கப் பெயர் என்ற பயத்துக்கு நான் சொல்லும் பதில் ஒன்றுதான். கண்ணகி என்று நாம் பெயர் வைக்கவில்லையா?

எஸ்தோனியர்கள் அந்தத் துக்கத்தை மறைக்கவும் இல்லை. தோம்பேயா சரிவில் லிந்தா குன்று இருக்கிறது. அங்கே தலை குனிந்து உட்கார்ந்திருக்கும் வெண்கலப் பெண், ஆகஸ்ட் வைட்சன்பெர்க் 1880இல் வடித்த சிலை. அதை வெண்கலத்தில் வார்த்து அங்கே நிறுத்தியது 1920இல். சோவியத் ஆட்சி 1941 ஜூன் 14 அன்று சுமார் 10,000 பேரையும், 1949 மார்ச் 25 முதல் 20,000க்கும் அதிகமானவர்களையும் ரயிலேற்றிச் சைபீரியப் பக்கம் அனுப்பியது. இரண்டாவது முறை போனவர்களில் பெரும்பாலோர் பெண்களும் குழந்தைகளும் முதியவர்களும். அவர்களுக்குப் பூ வைக்க ஊரில் கல்லறை இல்லை. ஆகவே லிந்தா காலடியில் வைத்தார்கள், அது ஆபத்தான காலத்திலும். மருமகளின் பாட்டி அந்தப் பெயரோடு வாழ்ந்தது அந்த ஆண்டுகளில்தான் என்பதை மனதில் வைத்துக்கொள்.

பெயருக்கு இன்னொரு பக்கமும் உண்டு. 1887இல் லில்லி சுபுர்க் என்ற ஆசிரியை எஸ்தோனிய மொழியின் முதல் பெண்கள் இதழைத் தொடங்கி அதற்கு 'லிந்தா' என்றே பெயர் வைத்தார். பெண் கல்விக்காகப் போராடியவர் தேர்ந்தெடுத்த பெயர் என்று பெரியப்பாவிடம் சொல், அவருக்குப் பிடிக்கும்.

இனி எழுத்து விஷயம். நம் பத்திரிகைகளில் வரும் 'லிண்டா' அங்கே பொருந்தாது. நாக்கு பல்லைத் தொட வேண்டும், லிந்தா. அழுத்தம் முதல் அசையில், கடைசி 'ஆ' குறிலாக முடியும். எழுதும்போது எல், ஐ, என், டி, ஏ, அவ்வளவுதான். எண் கணிதம் பார்த்து ஒரு ஹெச் சேர், இன்னொரு ஏ சேர் என்று யாராவது சொன்னால் கேட்காதே. எஸ்தோனிய மொழியில் எழுதியதை அப்படியே வாசிப்பார்கள். எழுத்தை இரட்டித்தால் ஒலி நீண்டு, பெயரே வேறாகிவிடும். அவர்கள் பெயரோடு வேற்றுமை உருபை நம்மைப் போலவே ஒட்டுவார்கள் என்பது உனக்குத் தெரிந்திருக்கும். லிந்தலெ என்றால் லிந்தாவுக்கு, லிந்தக என்றால் லிந்தாவோடு.

நம் பெயர் ஒன்றும் கூட வேண்டும் என்றாய். தனித்தனியாக மூன்று பெயர் வரை வைக்கலாம், அல்லது இரண்டை இணைப்புக்கோடு போட்டு வைக்கலாம். ஆனால் பார்த்து வை. கலா என்றால் அங்கே மீன், கனா என்றால் கோழி. சீதாவை Sita என்று எழுதினால் மலத்தைக் குறிக்கும் சொல்லின் ஓர் உருவமாகிவிடும். பள்ளிக்கூடத்தில் பிள்ளை படாத பாடு படும். இரு பக்கமும் பொருந்துகிற பெயர்களும் இருக்கின்றன. அனு அங்கே சாதாரணமாகப் புழங்கும் பெண் பெயர். மீனாவை எம், இரண்டு ஐ, என், ஏ என்று எழுதினால் மீனா ஹார்மா என்ற அவர்களுடைய புகழ்பெற்ற இசையமைப்பாளரின் பெயர். வள்ளிக்கு நிகராக வல்லி என்ற பெயரும் உண்டு. வல்லி லெம்பர்-பொகட்கினா என்று ஓர் ஓவியர் இருந்தார். ளகரம் அங்கே கிடையாது, அதை வீட்டில் நாம் சொல்லிக்கொள்ளலாம்.

குடும்பப் பெயரையும் முன்கூட்டியே பேசி முடிவு செய்யுங்கள். உங்கள் இருவருக்கும் வேறு வேறு இருப்பதால் ஏதாவது ஒன்றைத்தான் பிள்ளைக்குத் தர முடியும். உன் பாஸ்போர்ட்டில் அந்த இடத்தில் இருப்பது அப்பாவின் பெயர். உன்னுடையதைத் தந்தால் பேத்திக்குத் தாத்தா பெயரே குடும்பப் பெயராக நிற்கும். லாத்வியாவைப் போல ஆண் பெண்ணுக்கு ஏற்ப விகுதி மாறுகிற தொல்லை எஸ்தோனியாவில் இல்லை. தன் பெயர் நிற்கும் என்று கேட்டதும் அப்பா வாயே திறக்கவில்லை, ஆனால் மிகவும் சந்தோஷம்.

பிறப்பை ஒரு மாதத்துக்குள் பதிய வேண்டும், இணையத்திலேயே செய்யலாம். அவசரத்தில் நீ தனியாகத் தட்டச்சு செய்யாதே, மருமகளை ஒவ்வோர் எழுத்தாகச் சரிபார்க்கச் சொல். என் விருப்பம் லிந்தா வல்லி. வல்லிக்கு இரண்டு எல், கடைசியில் ஒரே ஐ.

அன்புடன்,
அம்மா