ஜெனரல் செமெர்ஜியெவின் கையொப்பமும் எங்கள் குடும்பப் பட்டியல்களும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் ஞாயிறு இதழின் உலகப் பக்கத்தில் பல்கேரிய ஜெனரல் அத்தனாஸ் செமெர்ஜியெவ் பற்றி வெளிவந்த கட்டுரையைப் படித்தேன். கம்யூனிச ஆட்சி முடிந்தபோது குருதி சிந்தாமல் நாட்டைக் கைமாற்றிக் கொடுத்தவர்களில் ஒருவராக அவரைக் கட்டுரையாளர் காட்டியிருக்கிறார். அதில் பெரும்பகுதி உண்மைதான். ஆனால் அவர் அமைச்சராக இருந்தபோது இரகசியப் பொலிஸின் கோவைகள் (ஆவணக் கட்டுகள்) அழிக்கப்பட்டதை ஒரே வரியில் சொல்லிக் கடந்துவிட்டார். இலங்கையின் வடக்கே கிளிநொச்சிக் கச்சேரியில், அதாவது மாவட்ட நிர்வாக அலுவலகத்தில், பதிவேடுகளோடு உத்தியோகம் பார்த்து இளைப்பாறியவள் நான். என்னால் அந்த வரியைக் கடந்துபோக முடியவில்லை.

செமெர்ஜியெவ் 1924-இல் பிறந்தவர். இளவயதிலேயே காட்டுக்குப் போய், ஹிட்லரோடு கூட்டுச் சேர்ந்திருந்த அன்றைய பல்கேரிய அரசை எதிர்த்த கெரில்லாப் படையில் சேர்ந்தார். அந்தத் துணிவை நான் குறைத்துச் சொல்லமாட்டேன். பின்னர் மொஸ்கோவில் படைத்துறைக் கல்வி கற்று, 1962 முதல் 1989 வரை பல்கேரிய இராணுவத் தலைமையகத்தின் தலைவராக இருந்தார். 1968-இல் செக்கோஸ்லோவாக்கியாவுக்குள் நுழைந்த படைகளில் பல்கேரியப் படையும் இருந்தது என்பதைக் கட்டுரையாளர் எழுதாமல் விட்டுவிட்டார். 1989 நவம்பரில், நாட்டை நீண்டகாலம் ஆண்ட கம்யூனிஸ்ட் தலைவர் தோதர் ஷிவ்கோவ் பதவியிலிருந்து அகற்றப்பட்டார். அந்த ஆண்டு முடிவதற்குள் செமெர்ஜியெவ் உள்துறை அமைச்சரானார். 1990 ஓகஸ்டில், முன்பு அதே ஆட்சியால் ஒடுக்கப்பட்ட தத்துவ அறிஞர் ஜெலியு ஜெலெவ் ஜனாதிபதியானபோது, இந்த ஜெனரல் அவருக்கு உப ஜனாதிபதியானார்.

இடையில் இருந்த அந்த ஏழு மாத அமைச்சர் காலம்தான் என் கவலை. 1990-இன் தொடக்கத்தில், உள்துறை அமைச்சின் ஆவணப் பிரிவுத் தலைவியாக இருந்த ஜெனரல் நான்கா செர்கெஜியெவா கோவைகளை அழிக்க அனுமதி கேட்டு எழுதினார். அமைச்சர் ஒப்பமிட்டார். ஒரு இலட்சத்துக்கும் மேற்பட்ட கோவைகள் போயின. ஆவணங்களைக் காக்கவென்று சம்பளம் வாங்குகிறவரே அழிக்கும் யோசனையைக் கொண்டுபோனார் என்பதை என்னால் தாங்க முடியவில்லை. யார் யாரைப் பின்தொடர்ந்தார்கள், யார் காட்டிக்கொடுத்தார்கள், எவரை எந்த முகாமுக்கு அனுப்பினார்கள் என்பதெல்லாம் அப்படிப்பட்ட கோவைகளில்தான் இருக்கும். 2002-இல் நீதிமன்றம் செமெர்ஜியெவுக்கு நான்கு ஆண்டுச் சிறைத் தண்டனை விதித்தது. மேன்முறையீட்டில் அது நிலைக்கவில்லை. 2015-இல், தொண்ணூறாவது வயதில் அவர் இறந்தார்.

அதே காலத்தில் இன்னொரு கோவையும் அழிந்தது. அந்த ஆட்சியை விமர்சித்து வெளிநாட்டில் வாழ்ந்த பல்கேரிய எழுத்தாளர் கியோர்கி மார்க்கோவ் 1978 செப்டெம்பரில் லண்டன் வோட்டர்லூ பாலத்தருகே தொடையில் நச்சுக் குண்டு பாய்ச்சப்பட்டு இறந்தார். அவரைப் பற்றிய பத்துத் தொகுதிகளை அழித்ததற்காக, வெளிநாட்டு உளவுத்துறையின் முன்னாள் தலைவர் விளாதிமிர் தொதோரோவ் 1992-இல் தண்டிக்கப்பட்டார். அந்த வழக்கில் விசாரிக்கப்படவிருந்த ஸ்தோயான் சாவோவ் என்ற இன்னொரு ஜெனரல் தற்கொலை செய்துகொண்டார். மார்க்கோவைக் கொன்றவர் எவரும் இன்றுவரை நீதிமன்றத்தில் நிறுத்தப்படவில்லை.

ஆவணத்தை அழிப்பது ஒரு வகை. ஆவணத்தில் பொய்யை எழுதுவது இன்னொரு வகை. 1984-85 குளிர்காலத்தில் பல்கேரியத் துருக்கியர்களின் பெயர்களைப் பலவந்தமாக மாற்றினார்கள். ஊர்களைப் படையும் பொலிஸும் சுற்றிவளைக்க, மக்கள் வரிசையில் நின்று ஸ்லாவியப் பெயர்களை வாங்கிக்கொண்டு போனார்கள். இறந்துபோன பெற்றோரின் பெயர்கள்கூடப் பதிவேடுகளில் மாற்றப்பட்டன. 1989 கோடையில் மூன்று இலட்சத்துக்கும் அதிகமானோர் எல்லை தாண்டித் துருக்கிக்குப் போனார்கள். பிறப்பு இறப்புப் பதிவுப் புத்தகத்தைக் கையில் பிடித்த எவரும் இதைப் படித்துவிட்டு நிம்மதியாக இருக்க முடியாது.

இனி, போரின் இறுதிக் கட்டம் நடந்த எங்கள் வன்னிப் பகுதிக்கு வருகிறேன். எங்கள் கிராம சேவையாளர்கள் குடும்பப் பட்டியல்களைக் கார்பன் தாள் வைத்து எழுதினார்கள். குடும்பத் தலைவர், அங்கத்தவர், வயது, இடம்பெயர்ந்து வந்த ஊர், பங்கீட்டு அட்டை இலக்கம். ஒரு பிரதி பிரதேச செயலகத்துக்கு, ஒன்று கச்சேரிக்கு, நிவாரணம் கொடுக்கும் பலநோக்குக் கூட்டுறவுச் சங்கக் கிளைக்கு இன்னொன்று. 2008-இல் அலுவலகமே இடம்பெயர்ந்தபோது, உழவு இயந்திரப் பெட்டியில் தறப்பாளால் மூடி அந்தப் பட்டியல்களைக் கொண்டுபோனோம். சொந்த வீட்டுச் சாமானை விட்டுவிட்டு வந்த உத்தியோகத்தர்கள் அந்தக் கட்டுகளை விடவில்லை.

அந்த வேலையின் பெறுமதி பின்னர்தான் தெரிந்தது. 2008 ஒக்டோபரில் கிளிநொச்சி, முல்லைத்தீவுக் கச்சேரிகளின் கணக்கில் வன்னியில் இருந்தோர் 429,059 பேர். 2009 மே மாதம் போர் முடிந்தபோது அரச கட்டுப்பாட்டுப் பகுதிக்கு வந்து சேர்ந்தவர்களாகச் சொல்லப்பட்டோர் 282,380 பேர். மிகுதி 146,679. மன்னார் ஆயர் இராயப்பு யோசேப்பு ஆண்டகை 2011 ஜனவரியில், போர் பற்றி விசாரிக்க அரசு அமைத்த கற்றுக்கொண்ட பாடங்கள் மற்றும் நல்லிணக்க ஆணைக்குழுவின் முன் இந்தக் கணக்கை வைத்து, இவர்கள் எங்கே என்று கேட்டார். அந்தக் கேள்விக்கு அடியில் கிடப்பவை கிராம சேவையாளர்களின் கையெழுத்துகள். நிவாரணத்துக்காகப் பெயர்கள் கூட்டி எழுதப்பட்டன என்று சொல்கிறவர்கள் இருக்கிறார்கள். அப்படியே வைத்துக்கொள்வோம். எத்தனை பெயர் கூடியது என்று சரிபார்ப்பதற்கும் அந்தப் பட்டியல்தானே வேண்டும்?

போர் முடிவில் முல்லைத்தீவு வட்டுவாகலில் பெற்றோரும் மனைவியரும் தங்கள் கண்முன்னே இராணுவத்திடம் கையளித்தவர்களின் பெயர்ப் பட்டியலைக் கேட்டு முல்லைத்தீவு நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனுக்கள் ஆண்டுக்கணக்கில் நடந்தன. கிளிநொச்சி கந்தசுவாமி கோயிலடியில் 2017 பெப்ரவரியில் போராட்டத்தில் அமர்ந்த, காணாமல் ஆக்கப்பட்டோரின் தாய்மார் கேட்டதும் பட்டியலைத்தான். அவர்களில் பலர் பதில் கிடைக்காமலே கண்மூடிவிட்டார்கள். எனக்குத் தெரிந்த ஒரு அம்மாவிடம் ஒரு அலுவலகத்தில், அவர் முன்னர் கொடுத்த முறைப்பாட்டுக் கோவையைக் காணவில்லை, புதிதாக எழுதித் தாருங்கள் என்று சொல்லியிருக்கிறார்கள். மகனைக் காணாதவரிடம் அப்படிச் சொல்வது எவ்வளவு பெரிய கொடுமை என்று அந்த மேசையில் இருந்தவருக்குத் தெரியவில்லை.

இங்கேதான் பல்கேரியாவின் பிற்காலம் நமக்குப் பயன்படும். 2006 டிசம்பரில் அவர்கள் ஒரு சட்டம் இயற்றினார்கள். இரகசியப் பொலிஸின் எஞ்சிய ஆவணங்கள் ஒரு ஆணைக்குழுவின் பொறுப்பில் வந்தன. தன்னைப் பற்றிய கோவையை ஒருவர் கேட்டுப் படிக்கலாம். இறந்தவருடையதை அவருடைய குடும்பத்தார் படிக்கலாம். கோவை அழிந்துவிட்டாலும் அதன் இலக்கம் எழுதிய பதிவு அட்டையும் பதிவேடும் பல இடங்களில் மிஞ்சியிருந்தன. அவற்றை வைத்தே பலரை அடையாளம் கண்டார்கள். இது எந்தக் கந்தோர் எழுதுவினைஞருக்கும் விளங்கும். ஒரு கடிதத்தைக் கிழித்துவிடலாம். அது வந்த நாளும் இலக்கமும் வரவுப் பதிவேட்டில் இருக்கும். போன நாள் அனுப்புகைப் பதிவேட்டில் இருக்கும். பிரதி இன்னொரு அலுவலகத்தின் அலுமாரியில் இருக்கும். ஆகவே "பதிவு இல்லை" என்ற பதிலோடு எங்கள் மக்கள் திரும்பி வரக்கூடாது. தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் பட்டியலைக் கேட்கும்போது, அந்தக் காலத்து வரவு, அனுப்புகைப் பதிவேடுகளையும் கேட்க வேண்டும்.

அரசிடம் என் கோரிக்கை இது. 2007 முதல் 2010 வரை வன்னியில் எழுதப்பட்ட குடும்பப் பட்டியல்கள், நிவாரணப் பதிவுகள், வைத்தியசாலை அனுமதிப் பதிவேடுகள், இடம்பெயர்ந்தோரை வைத்திருந்த செட்டிகுளம் முகாம்களின் பதிவுகள் ஆகிய எதையும் "காலாவதி" என்று கழித்துவிட எவருக்கும் அதிகாரம் இருக்கக்கூடாது. அவற்றைப் பிரதி எடுத்து மாவட்டத்திலேயே மக்கள் பார்க்கக்கூடிய இடத்தில் வைக்க வேண்டும். மழையும் கறையானும் அதிகாரியின் ஒப்பத்துக்காகக் காத்திருப்பதில்லை.

கட்டுரையாளரிடமும் ஒன்று கேட்கிறேன். அந்த 2006-ஆம் ஆண்டுச் சட்டத்தைப் பற்றி விரிவாக எழுதித் தாருங்கள். விண்ணப்பம் எப்படிக் கொடுக்கிறார்கள், குடும்பத்தாருக்கு என்னென்ன காட்டுகிறார்கள் என்பதை எளிய தமிழில் எழுதினால், அந்தப் பக்கத்தை வெட்டி எடுத்துக் கோயிலடிக்கு நானே கொண்டுபோய்க் கொடுப்பேன்.

இப்படிக்கு,
இளைப்பாறிய எழுதுவினைஞர்,
உருத்திரபுரம், கிளிநொச்சி.